தோட்டத்துப் பெண்ணின் நாற்பது காசு

மலாயாத் தமிழரின் வரலாற்றை எழுதப் புகுந்தோர் பலரும் காட்டை அழித்தவன், சாலை போட்டவன், தண்டவாளம் பதித்தவன், பால்மரம் நட்டவன் என ஆண்பால் விகுதியிட்டே எழுதிப் போந்தனர். மேடைகளிலும் நாம் அவ்வாறே பேசி வருகிறோம். கையில் கோடரி ஏந்திய ஒரு தமிழ் மகனின் உருவம் நம் மாணவர் மனத்தில் ஆழப் பதிந்திருக்கிறது. அவ்வுருவத்தில் பொய் இல்லை, குறை உண்டு. 1920களின் பிற்பகுதியில் மலாயாவின் முதன்மையான தோட்டப் பகுதிகளுக்கென இந்தியக் குடிவரவுக் குழு வரையறுத்த நாட்கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு. பகாங் போன்ற, போக்குவரத்து எளிதல்லாத இடங்களில் ஆணுக்கு 58 காசு, பெண்ணுக்கு 46 காசு. பெண்ணுக்கெனத் தனிக் கூலியே வகுக்கப்பட்டிருக்கும்போது, அவள் அங்கே வேலை செய்தாள் என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை. அவளுடைய நாளின் விலை மட்டும் ஏன் பத்துக் காசு குறைந்தது? இக்கட்டுரை ஆராய முற்படுவது இவ்வொரு வினாவையே. இதனைத் தொடர்ந்து சென்றால், தோட்டம் என்ற அமைப்பு ஆணை ஆணாகவும் பெண்ணைப் பெண்ணாகவும் எவ்வாறு வகுத்து வைத்தது என்பதும் ஒருவாறு புலப்படும்.

முதலில் பெண் இங்கு வந்த வழியைக் காண்போம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கரும்பு, காப்பித் தோட்டங்களுக்குச் சஞ்சிக் கூலிகளாகக் கொண்டுவரப்பட்டோர் பெரும்பாலும் இளவயது ஆடவரே. காடு திருத்தும் வேலைக்கு ஆண்தான் ஏற்றவன். ஒப்பந்தம் முடிந்தால் அவன் ஊர் திரும்புவான், அல்லது மடிவான். அவனிடத்தில் இன்னொருவன் வருவான். இதுவே அன்றைய முதலாளியின் கணக்கு. குடும்பத்துக்கு அக்கணக்கில் இடமில்லை.

ரப்பர் இக்கணக்கை மாற்றியது. 1877இல் சிங்கப்பூருக்கு வந்து சேர்ந்த கன்றுகள் வெறும் இருபத்திரண்டு. தாவரவியல் பூங்காவின் தலைவராயிருந்த ரிட்லி, மரத்தைச் சாகடிக்காமல் மீண்டும் மீண்டும் பால் எடுக்கும் முறையைக் கண்டு நிறுவிய பின்னர், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அக்கன்றுகளின் வழிவந்த மரங்கள் மேற்குக் கரை நெடுகப் பரவின. பால்வெட்டு என்பது கோடரி வேலை அன்று. உளியால் பட்டையை மெல்லியதாகச் சீவ வேண்டும்; சற்று ஆழ்ந்தால் மரம் புண்ணாகும், சற்று மேலோடினால் பால் வடியாது. கண்ணும் கையும் ஒத்துழைக்கும் நுட்பமே அதற்கு வேண்டும். அந்நுட்பம் பெண்ணுக்கும் உண்டு என்பதைத் துரைமார் விரைவிலேயே உணர்ந்துகொண்டனர். 1910இல் மலாயாவுக்குச் சஞ்சி முறையில் ஆள் சேர்ப்பது நின்றது. அதற்கு முன்பே வேரூன்றத் தொடங்கியிருந்த கங்காணி முறை தனியாட்சி பெற்றது. கங்காணி தன் ஊருக்கே போய், தன் உறவிலும் தன் ஊராரிலும் ஆள் திரட்டி, நாகப்பட்டினத்திலோ சென்னையிலோ கப்பலேற்றி அழைத்து வந்தான். வந்தவர் வேலைக்கு இறங்கிய ஒவ்வொரு நாளுக்கும் தலைக்கு இவ்வளவு என்று அவனுக்குத் தலைக்காசு கிடைத்தது. தலை ஆணுடையதா பெண்ணுடையதா என்பது அவன் வருவாயைப் பொறுத்தவரையில் பெரிதன்று. எனவே கணவனோடு மனைவியையும், அண்ணனோடு தங்கையையும் சேர்த்து அழைத்து வருவதில் அவனுக்கு நாட்டம் மிகுந்தது.

முதலாளிக்கும் அது உவப்பாகவே இருந்தது. தனியாளாக வந்தவன் கூலி போதவில்லையென்றால் இரவோடிரவாக அடுத்த தோட்டத்துக்கு ஓடிவிடுவான். லயத்தில் மனைவியும் தொட்டிலில் பிள்ளையும் உள்ளவன் அவ்வாறு எளிதில் ஓட மாட்டான். மேலும், அப்பிள்ளை வளர்ந்தால் கப்பற்கட்டணம் இல்லாமலே ஒரு தொழிலாளி கிடைப்பான். 1922ஆம் ஆண்டு இந்தியக் குடியகல்வுச் சட்டமும், அதன்கீழ் எழுந்த விதிகளும், ஆடவர் தனியே செல்வதைக் கட்டுப்படுத்த முனைந்தன. இந்நோக்கங்கள் எல்லாம் ஒன்றுகூடியதன் விளைவாக, 1931ஆம் ஆண்டுக் குடிக்கணக்கில் மலாயா இந்தியரிடையே ஏறத்தாழ இரண்டு ஆடவருக்கு ஒரு பெண் என்னும் நிலை உருவாகியிருந்தது. முற்காலத்தோடு ஒப்பிட இஃது ஒரு பெரும் மாற்றம்.

அப்பெண்ணின் ஒரு நாள் எப்படிக் கழிந்தது? விடியுமுன் எழ வேண்டும். அடுப்பு மூட்ட வேண்டும். சோறாக்கிக் கட்ட வேண்டும். இருள் பிரியாத பொழுதில் பெரட்டுக்களத்தில் நின்று பெயர் கூப்பிடும்போது குரல் கொடுக்க வேண்டும். கைக்குழந்தையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டுப் பால்மரக்காட்டுக்குள் நுழைந்தால், முந்நூறு நானூறு மரங்கள் அவளுக்காகக் காத்திருக்கும். குளிர்ந்த பொழுதில்தான் பால் நன்கு வடியுமாகையால் வெட்டு விரைவாக முடிய வேண்டும். பின்னர் மங்குகளில் நிறைந்த பாலைச் சேர்த்து, காண்டாவில் வாளிகளைத் தூக்கி, நிறுவைக் கொட்டகைக்கு நடக்க வேண்டும். மேட்டிலும் பள்ளத்திலும் அட்டைக்கடியோடு நடக்கும் நடை அது. ஒட்டுப்பால் உரித்தெடுப்பதும் அவள் வேலையே. பகலுக்குமேல் லயத்துக்குத் திரும்பினால் விறகு, தண்ணீர், துணி, சமையல், பிள்ளைகள். ஆணுக்குப் பெரட்டில் தொடங்கிய வேலை நிறுவைக் கொட்டகையோடு முடிந்தது. அவளுக்கு அதன் முன்னும் பின்னும் வேறொரு வேலைநாள் இருந்தது. அதற்குக் கூலி இல்லை. வேலை என்ற பெயரும் இல்லை.

ஆகவே, காட்டில் அவள் கைப்பிடித்த உளி ஆணின் உளியே. அவளுக்கு ஒதுக்கப்பட்ட மரங்களும் அவன் வெட்டிய மரங்களைப் போன்றவையே. கூலிதான் வேறு. இவ்வேறுபாடு மலாயாவில் புதிதாகக் கண்டுபிடிக்கப்பட்டதன்று. தஞ்சை, திருச்சி, சேலம், வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து வந்த உழைப்பாளிகளில் மிகப் பலர் நிலமற்ற, ஒடுக்கப்பட்ட சாதியினர். அவர்தம் ஊர்களில் நாற்று நடவும் களையெடுப்பும் பெண்களின் தொழில். அங்கும் பெண் பெற்ற கூலி ஆண் பெற்றதைவிடக் குறைவு. பண்ணையின் வழக்கத்தைத் தோட்டம் எடுத்துக்கொண்டது. எடுத்துக்கொண்டதோடு நில்லாமல் அதைச் சட்டத்தின் முத்திரையோடு நாடு முழுமைக்கும் பொதுவாக்கியது. கிராமத்தில் வாய்வழக்காக இருந்த ஏற்றத்தாழ்வு இங்கே அரசிதழில் எண்ணாக ஏறியது.

அந்த எண்ணை நியாயப்படுத்தக் கையாண்ட முறை கருதத்தக்கது. ஒரு தொழிலாளி உயிர்வாழ எவ்வளவு அரிசி, எவ்வளவு பருப்பு, எத்தனை முழத் துணி வேண்டும் என்று குடும்பச் செலவுப் பட்டியல் போட்டே கூலியை வரையறுத்தனர். ஆணுக்கு இவ்வளவு செலவு, பெண்ணுக்கு அதைவிடக் குறைந்த செலவு என்பது அப்பட்டியலின் உட்கிடை. எவ்வளவு பால் கொண்டுவந்தாள் என்று கேட்கவில்லை. எவ்வளவு உண்பாள் என்றே கேட்டனர். மாட்டுக்குத் தீவனக் கணக்கு எழுதுவதை ஒத்த இம்முறை ஆணையும் இழிவுபடுத்தியது என்பதில் ஐயமில்லை. ஆயினும் அவ்விழிவிலும் இருவருக்கும் இடையே ஐந்தில் ஒரு பங்கு இடைவெளி விடப்பட்டது.

இடைவெளி எத்துணை உறுதியாகப் பேணப்பட்டது என்பதற்குப் பொருளாதார மந்தக் காலமே சான்று. ரப்பர் விலை சரிந்தபோது 1930இல் நாட்கூலி ஆணுக்கு 40 காசாகவும் பெண்ணுக்கு 32 காசாகவும் குறைக்கப்பட்டது. முன்னர்ப் பெண்ணின் கூலியாயிருந்த அதே 40 காசில் இப்போது ஆண் வாழ நேர்ந்தது. அவ்வாறாயின் 40 காசில் ஒரு மனிதர் வாழ முடியாது என்று பெண்ணைக் குறித்து முன்னமே எவரும் சொல்லாதது ஏன் என்ற கேள்வி எழுகிறதல்லவா? அக்கேள்வியை அன்று எவரும் கேட்கவில்லை. அம்மந்தக் காலத்தில் இலட்சத்துக்கு மேற்பட்ட இந்தியர் கப்பலேற்றித் திருப்பி அனுப்பப்பட்டனர். தங்கியிருந்த குடும்பங்கள் கணவன், மனைவி, வளர்ந்த பிள்ளை ஆகிய எல்லாருடைய காசையும் சேர்த்து அடுப்பெரித்தன. 1936ஆம் ஆண்டின் இறுதியில் இந்திய அரசின் சார்பில் இங்கு வந்து தொழிலாளர் நிலையை ஆராய்ந்தவர் வி. எஸ். சீனிவாச சாஸ்திரியார். ஆங்கிலப் புலமைக்கும் சொல்வன்மைக்கும் பெயர்பெற்ற பெரியார் அவர். 1937இல் வெளிவந்த அவருடைய அறிக்கை பழைய கூலியை மீண்டும் வழங்க வேண்டும் என்றது. அந்தப் பழைய கூலி, ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்பதுதான். நம் நலம் நாடி வந்தவரின் கண்ணிலும் அப்பத்துக் காசு படவில்லை.

கூலியில் குறைத்து எண்ணப்பட்ட பெண், ஏட்டில் வேறு பெயரும் பெற்றாள். குடிவரவு ஆவணங்களிலும் அதிகாரிகளின் அறிக்கைகளிலும் அவள் பெரும்பாலும் இன்னாருடைய மனைவி, இன்னாரைச் சார்ந்தவள். காலையில் பெரட்டில் தன் பெயருக்குத் தானே குரல் கொடுத்து, மாதமுடிவில் தன் கூலியைத் தானே வாங்கியவளைச் சார்ந்து வாழ்பவள் என்று எழுதுவது எவ்வளவு பொருந்தாது! ஆயினும் அச்சொல் நிலைத்தது. லயத்து வீடு வேலையோடு பிணைக்கப்பட்டிருந்தமையால், கணவனை இழந்தவள் வேலையைத் தொடர்ந்தாலன்றி வீட்டையும் இழக்க வேண்டியதாயிற்று. கங்காணி, மண்டோர், கிராணி ஆகிய மேல்நிலைப் பதவிகள் அவளுக்கு எட்டாதவை. எந்த நிரை யாருக்கு என்பதை மண்டோரே முடிவு செய்தான். பால் நிறைய வடியும் மரங்களைப் பெறுவதற்கு அவள் கொடுக்க நேர்ந்த விலையைப் பற்றித் தோட்டத்து முதியோர் வாய்விட்டுப் பேசுவதில்லை.

சட்டமும் அவளைக் கணவனின் உடைமையாகவே கண்டது. இந்தியத் தண்டனைச் சட்டத்தைப் பின்பற்றி இங்கு எழுதப்பட்ட தண்டனைச் சட்டத்தின் 498ஆம் பிரிவு, பிறனுடைய மனைவியை ஆசை காட்டி அழைத்துச் செல்வதைக் குற்றம் என்றது. முறையிடும் உரிமை கணவனுக்கே உண்டு. கணவனை ஒருத்தி ஆசை காட்டி அழைத்துச் சென்றால் மனைவிக்கு அவ்வுரிமை இல்லை. பெண்கள் குறைவாயிருந்த தோட்டங்களில் இத்தகைய வழக்குகள் அடிக்கடி எழுந்தன. தோட்டத்து வெட்டுக்குத்துக்கெல்லாம் பெண்ணே காரணம் என்று துரைமாரும் அதிகாரிகளும் எளிதாக எழுதி வைத்தனர். அவ்வெழுத்துகளை நம்பி நாமும் பழைய தோட்டத்துப் பெண்ணை ஒன்று வாயில்லாப் பூச்சியாகவோ, ஒன்று ஒழுக்கம் கெட்டவளாகவோ சித்திரிக்கும் பழக்கத்துக்கு ஆளானோம். இரண்டும் பிழை. அடித்து உதைக்கும் கணவனை விட்டு, கூடுதலாக மதிக்கும் ஒருவனோடு அடுத்த தோட்டத்துக்குப் போனவளைச் சட்டம் திருடப்பட்ட பொருளாகக் கருதியது. அவளோ தன் காலால் நடந்து போனவள். தன் கையில் உளியும் தனக்கென ஒரு கூலியும் இருந்தமையால் எங்குப் போனாலும் உண்ண வழியுண்டு என்பதை அவள் அறிந்திருந்தாள். 2021இல் வெளிவந்த ஆய்வு நூலொன்றில் அருணிமா தத்தா இத்தகைய பெண்களையே முதன்மைப்படுத்தி ஆராய்ந்திருக்கிறார். நிலைத்த விடுதலை அவர்களுக்கு வாய்க்கவில்லை. ஆயினும் வாய்ப்பு நேர்ந்தபோதெல்லாம் கணப்பொழுதேனும் தம் விருப்பை நிலைநாட்டினர் என்பது அவர் கருத்து. அக்கருத்து ஏற்புடையதே. அந்த 498ஆம் பிரிவு மலேசியாவில் எவ்வளவு காலம் உயிரோடு இருந்தது என்பதை மாணவர் அறிந்துகொள்ளுதல் நன்று: பாலின வேற்றுமை காட்டுவதால் அது அரசமைப்புக்கு முரணானது என்று கூட்டரசு நீதிமன்றம் 2023 டிசம்பரில்தான் தீர்ப்பளித்தது.

இங்கே ஆய்வு நூல்களைப் பற்றியும் ஒரு சொல். கெர்னியால் சிங் சந்து 1969இல் வெளியிட்ட மலாயா இந்தியரின் குடியேற்ற வரலாறும், 1970இல் வெளிவந்த அரசரத்தினத்தின் நூலும், அதே ஆண்டில் ஆர். கே. ஜெயின் ஒரு தோட்டத்தைக் களமாகக் கொண்டு எழுதிய சமூகவியல் நூலும் நம் வரலாற்றுக்கு அடித்தளம் இட்டவை. இவற்றைப் படிக்காமல் இத்துறையில் எவரும் அடியெடுத்து வைக்க இயலாது. ஆயினும் பெண்ணைத் தொகையிலும் விழுக்காட்டிலும் காண்பதும், குடும்பத்தின் உறுப்பாகக் காண்பதும் ஒன்று. தொழிலாளியாகக் காண்பது வேறொன்று. பின்னதற்கு இன்னும் பல பத்தாண்டுகள் காத்திருக்க வேண்டியதாயிற்று.

பெண்ணைப் பற்றி மட்டும் பேசினால் பொருள் பாதியே விளங்கும். ஆண்மை என்பதற்குத் தோட்டத்தில் என்ன பொருள்? துரை எதிரே வந்தால் மிதிவண்டியிலிருந்து இறங்கி நிற்க வேண்டும். துரைக்கு மட்டுமன்று, கிராணிக்கும் இறங்க வேண்டும். தன் வியர்வையில் வாங்கிய மிதிவண்டியின்மேல் அமர்ந்து செல்லும் உரிமையும் மறுக்கப்பட்டவன், தான் ஓர் ஆண் என்பதை எங்கே நிலைநாட்டுவான்? மாலையில் தோட்டத்துக் கள்ளுக்கடை திறந்திருந்தது. அங்கே கூலியின் ஒரு பகுதி கரைந்தது. அதன்பின் எஞ்சிய ஆட்சிப்பரப்பு லயத்து வீட்டின் ஓர் அறையே. காலையில் வெளியே தலைகுனிந்தவன் இரவில் உள்ளே கையோங்கினான். இதனைக் கொண்டு அவனைக் குற்றத்திலிருந்து விடுவிக்க வேண்டும் என்பது நம் கருத்தன்று. தோட்டம் அவனுக்குக் கொடுத்த ஆண்மை எத்தகையது என்பதைக் காணாமல் அவன் மனைவியின் வாழ்வை நம்மால் விளக்க முடியாது.

1941இல் கிள்ளான் வட்டாரத்தில் எழுந்த வேலைநிறுத்தத்தை இவ்வொளியில் மீண்டும் நோக்குவது பயன் தரும். நம் தொழிலாளர் வரலாற்றில் அதற்கு ஈடான எழுச்சி சிலவே. ஆர். எச். நாதன் முதலியோர் வழிநடத்த, மார்ச்சு முதல் மே வரை தோட்டம் தோட்டமாக அது பரவியது. நாதன் கைது செய்யப்பட்டு இந்தியாவுக்கு நாடுகடத்தப்பட்டார். படைகள் வரவழைக்கப்பட்டன; துப்பாக்கிச் சூட்டில் குறைந்தது ஐவர் மாண்டனர். அத்தொழிலாளர் முன்வைத்த கோரிக்கைகள் இன்றும் நெஞ்சை நெகிழச் செய்வன: சீனத் தொழிலாளருக்கு நிகரான கூலி, பிள்ளைகளுக்கு முறையான கல்வி, நல்ல மருத்துவம், கள்ளுக்கடைகளை மூடுதல், பேச்சுரிமை, கூட்டங்கூடும் உரிமை, உறவினர் தோட்டத்துக்குள் வந்துபோகும் உரிமை, மிதிவண்டியிலிருந்து இறங்காமல் செல்லும் உரிமை. தொழிலாளரின் பெண்டிரை மேலதிகாரிகள் இழிவுபடுத்துவது நிற்க வேண்டும் என்பதும் அவற்றுள் ஒன்று.

இப்பட்டியலை நான் பன்முறை படித்திருக்கிறேன். இதில் பெண் இருக்கிறாள். தொழிலாளரின் பெண்டிராக இருக்கிறாள். அவளுடைய மானம் காக்கப்பட வேண்டும் என்ற குரல் உண்மையானது. அது அன்றைக்கு மிகுந்த துணிவும் வேண்டிய குரல். ஆயின் சீனருக்கும் தமிழருக்கும் இடையிலிருந்த கூலி வேறுபாட்டைக் கண்டு கொதித்தவர்கள், தம் லயத்துக்குள் கணவனுக்கும் மனைவிக்கும் இடையிலிருந்த கூலி வேறுபாட்டைத் தனிக் கோரிக்கையாக எழுதவில்லை. மானம் ஆணின் வழக்காக நின்றமையால் பட்டியலில் ஏறிற்று. கூலி பெண்ணின் வழக்காக இருந்தமையால் ஏறவில்லை. வேலைநிறுத்தத்தில் பெண்களும் உளியைக் கீழே வைத்துப் பசி பொறுத்தனர் என்பதை எண்ணும்போது இக்குறை இன்னும் பெரிதாகத் தெரிகிறது. போராடியோரின் பெருமையை இது சிறிதும் குறைக்காது. அக்காலத்து ஆண்மை எந்த எல்லைவரை காண வல்லதாயிருந்தது என்பதையே இது காட்டுகிறது.

அவ்வாண்டின் இறுதியில் சப்பானியர் படையெடுத்தனர். தோட்டங்கள் உறங்கின, ரப்பருக்கு வாங்குவார் இல்லை. சயாம் மரண இரயில் பாதைக்குப் பல்லாயிரம் தமிழர் கொண்டுசெல்லப்பட்டனர். திரும்பாதோர் தொகை பெரிது. பிடித்துச் செல்லப்பட்டோரில் பெரும்பாலோர் ஆடவராதலால் லயங்களில் குடும்பத்தைத் தாங்கும் பொறுப்புப் பெண்கள்மேல் விழுந்தது. மரவள்ளி நட்டும் கீரை பறித்தும் அவர்கள் பிள்ளைகளைக் காத்தனர். அவர்களைச் சார்ந்தவர் என்று அப்போது எவரும் எழுதவில்லை. எழுதுவதற்குக் கிராணியும் அங்கில்லை.

அந்நாளில்தான் 1943இல் சிங்கப்பூருக்கு வந்த நேதாசி சுபாசு சந்திர போசு, இந்திய தேசிய இராணுவத்தில் மகளிருக்கெனச் சான்சி ராணிப் படையை அமைத்தார். சிங்கப்பூரில் மருத்துவராயிருந்த இலட்சுமி சுவாமிநாதன் அதன் தலைமையை ஏற்றார். அவ்வாண்டு அக்டோபரில் சிங்கப்பூரில் பயிற்சி முகாம் திறக்கப்பட்டது. மலாயாத் தோட்டங்களிலிருந்து எழுத்தறியாத இளம்பெண்கள் பலர் அதில் சேர்ந்தனர். பெரட்டுக்களத்தில் நின்று பழகிய கால்கள் அணிவகுப்பில் நின்றன. கால்சட்டையும் தொப்பியும் அணிந்து, துப்பாக்கி பிடிக்கக் கற்றன அவர்தம் கைகள். நாட்டு விடுதலை என்னும் பெருங்குறிக்கோளுக்காகவே அப்படை எழுந்தது. எனினும் பாலினம் பற்றி ஆராய்வோர் அதில் வேறொன்றையும் காண வேண்டும். வீட்டை விட்டு வெளியேறிய பெண் பழிக்கப்படாமல் மாலையிடப்பட்டது மலாயாத் தோட்டத் தமிழரிடையே அதுவே முதன்முறை. போர் முடிந்தபின் அப்பெண்களில் பெரும்பாலோர் மீண்டும் லயத்துக்கே திரும்பினர். அவர்களுக்கு மறுபடியும் உளி காத்திருந்தது. படையின் நினைவைப் பேசவும் எழுதவும் முடிந்தவர் படித்த குடும்பங்களிலிருந்து சென்ற சிலரே.

அச்சிலருள் ஒருவரை நம் ஆசிரிய நண்பர்கள் அறிவர். ஈப்போவைச் சேர்ந்த இராசம்மா பூபாலன் இளவயதில் சான்சி ராணிப் படையில் பணியாற்றியவர். பின்னர் ஆசிரியராகி, 1960இல் தொடங்கப்பெற்ற பெண் ஆசிரியர் சங்கத்தின் முதல் தலைவரானார். அந்நாளில் ஒரே தகுதி, ஒரே வகுப்பு, ஒரே பாடவேளை இருந்தும் பெண்ணாசிரியர் ஆணாசிரியரைவிடக் குறைந்த ஊதியமே பெற்றார். பால்மரக்காட்டின் பத்துக் காசு பள்ளிக்கூடத்துக்குள்ளும் நுழைந்திருந்தது என்று சொல்லலாம். பெண்ணாசிரியர் தமக்கென ஒரு சங்கம் கண்டு, தம் வாயாலேயே கேட்டனர். 1969இல் அரசுப் பணியில் பெண்களுக்குச் சம ஊதியம் என்னும் கொள்கை ஏற்கப்பட்டது.

தோட்டத்துப் பெண்ணுக்குத் தனிச் சங்கம் வாய்க்கவில்லை. 1946, 1947ஆம் ஆண்டுகளில் கெடாவில் எழுந்த தொண்டர் படை கள்ளுக்கு எதிராக நின்றது; கூலி வீடுவந்து சேர வேண்டும் என்று ஏங்கிய பெண்களுக்கு அதில் பெருநன்மை இருந்தது. 1954இல் தோட்டத் தொழிலாளர் தேசிய சங்கம் தோன்றி, பி. பி. நாராயணன் தலைமையில் நாட்டின் மிகப் பெரிய தொழிற்சங்கமாக வளர்ந்தது. சந்தா செலுத்தியோரில் பெண்கள் பெருந்தொகையினர். மேசையைச் சுற்றி அமர்ந்து பேரம் பேசியோர் ஆடவர். பாலின் எடைக்குக் கூலி என்னும் முறை பரவியபோது தராசு ஆணையும் பெண்ணையும் பிரித்தறியாது என்ற அளவில் வெட்டுத் தொழிலில் வேற்றுமை தேய்ந்தது. புல்வெட்டு, உரமிடுதல், மருந்தடித்தல் ஆகிய நாட்கூலி வேலைகள் பெண்ணின் பங்காகவே தங்கின. சமவேலைக்குச் சம ஊதியம் பற்றிய அனைத்துலகத் தொழில் அமைப்பின் உடன்படிக்கையை மலேசியா 1997இல்தான் ஏற்றுக் கையொப்பமிட்டது.

கல்வியைப் பற்றி ஒன்று கூறாமல் செல்வதற்கில்லை. பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்டத்தில் பள்ளி வேண்டும் என்று 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் விதித்தது. நம் தமிழ்ப்பள்ளிகள் பலவற்றின் பிறப்பு அதுவே. அப்பள்ளியின் வரவுப் பதிவேட்டில் மூத்த பெண்பிள்ளையின் பெயர் இடையிடையே மறையும். தாய் நாற்பது காசுக்குக் காட்டுக்குப் போனதால் தம்பியைத் தூக்கி வைத்திருக்க வீட்டில் ஒருத்தி வேண்டும். தாயின் கூலி குறைந்தது தாயோடு நிற்கவில்லை. மகளின் எழுத்தறிவிலும் அது கழிக்கப்பட்டது. பழைய தமிழ்ப்பள்ளிகளின் வரலாற்றை எழுதும் ஆசிரியர்கள் பழைய பதிவேடுகள் கிடைப்பின் இதனைப் பொறுமையோடு எண்ணிப் பார்த்தால் நல்லதோர் ஆய்வு பிறக்கும்.

1970களில் நிலைமை மாறலாயிற்று. பாயான் லெப்பாசு போன்ற இடங்களில் மின்னணுத் தொழிற்சாலைகள் எழுந்தன. தோட்டத்து வாயிலில் விடியலில் வந்து நின்ற பேருந்துகளில் இளம்பெண்கள் ஏறிப் போயினர். பெண்களின் விரல் நுண்மையானது, பொறுமை மிக்கது என்று சொல்லித் தொழிற்சாலைகள் அவர்களை அழைத்தன. அன்று உளிக்குச் சொன்ன காரணம் இன்று நுண்சில்லுக்கும் சொல்லப்பட்டது. நுண்மைக்கு உரிய கூலி அங்கும் தரப்படவில்லை. எனினும், மண்டோர் இல்லாத ஓரிடத்தில், சொந்த வங்கிக் கணக்கோடு வாழும் வாய்ப்பை அப்பெண்கள் பற்றிக்கொண்டனர். தாய்மார் தோட்டத்தில் எஞ்சினர்.

தோட்டமோ ரப்பரிலிருந்து செம்பனைக்கு மாறியது. குலை வெட்டுவதும் தூக்குவதும் ஆண் வேலை என்றாயின. பெண்ணின் முதுகில் மருந்துப் பம்பு ஏறியது. பாராகுவாட் என்னும் கொடிய களைக்கொல்லியைக் கையுறையும் முகமூடியும் முறையாக இல்லாமல் நாள்முழுதும் தெளித்தவர் பெரும்பாலும் பெண்களே. ஐரீன் பெர்னாண்டசு தலைமையில் இயங்கிய தெனாகானித்தா அமைப்பு, பூச்சிக்கொல்லி எதிர்ப்பு அமைப்பொன்றுடன் இணைந்து நடத்திய ஆய்வு 2002இல் வெளிவந்தது. கண்ணெரிச்சல், மூக்கில் குருதி வடிதல், தோற்புண், நகம் கழலுதல் என அப்பெண்களின் நோய்கள் அவர்கள் வாய்மொழியாகவே பதிவு பெற்றன. அதே ஆண்டு ஆகஸ்டில் அரசு அக்கொல்லிக்குத் தடை அறிவித்தது. 2006இல் தடை தளர்த்தப்பட்டது. இறுதியான தடை நடைமுறைக்கு வந்தது 2020 சனவரி முதல் நாளில்.

அந்நாளுக்குள் நம் பெண்களில் பெரும்பாலோர் தோட்டத்தை விட்டு நகரோரக் குடியிருப்புகளுக்கு வந்துவிட்டனர். அவர்கள் இருந்த இடத்தில் இந்தோனேசியாவிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்தோர் உழைக்கின்றனர். முன்பு முதலாளி குடும்பத்தோடு வருமாறு கங்காணியை அனுப்பினார். இப்போதைய தற்காலிக வேலை அனுமதியோ, வருபவர் குடும்பத்தை அழைத்து வரக்கூடாது, இங்கே திருமணமும் செய்துகொள்ளக்கூடாது என்கிறது. அவருடைய மனைவி அங்கே ஊரில் இருந்து, அவர் அனுப்பும் பணத்தை எண்ணுகிறாள். அல்லது அவளே கோலாலம்பூரிலோ சிங்கப்பூரிலோ ஒரு வீட்டில் வேறொருவர் பிள்ளையை வளர்த்துக்கொண்டிருக்கிறாள்.